புலி வந்தால் போட வேண்டிய சத்தம் தொடர்பான ஒப்பந்தம்

ஒரு காட்டில் தொடங்கி அதே காட்டில் முடிகிற கதைதான் உங்களுக்குப் பழக்கம். இந்தக் கதைக்கு ஒரு காடு போதாது. நடுவில் ஓர் ஆறு. இந்தப் பக்கம் மேல்கரைக் காடு, அந்தப் பக்கம் கீழ்கரைக் காடு. இரண்டிலும் ஒரே மரம், ஒரே புல், ஒரே கொசு. ஆனால் இரண்டும் வெவ்வேறு நாடு.

மேல்கரைக் காட்டில் கருமுகி என்றொரு மந்தி இருந்தது. மரத்து உச்சியில் உட்கார்ந்து புலி வருகிறதா என்று பார்ப்பது அதன் வேலை. வந்தால் "கெக்! கெக்!" என்று கத்தும். கீழே மேய்கிற மானும் பன்றியும் முயலும் ஓடிவிடும். ஏழு வருடமாகக் கருமுகியின் காவலில் ஒரு மான்கூடப் போனதில்லை. அதில் அதற்குக் கொஞ்சம் கர்வமும் உண்டு.

ஒரு கோடையில் ஆறு வற்றியது. கீழ்கரையில் புல் கருகிப்போனதால், அங்கிருந்து சில மான்கள் மணலைக் கடந்து இந்தப் பக்கம் மேய வந்தன. கருமுகி அவற்றையும் தன் பொறுப்பில் சேர்த்துக்கொண்டது. யாரும் சொல்லாமலே சேர்த்துக்கொண்டது.

மூன்றாம் நாள் காலையில், கருமுகி உட்கார்ந்திருந்த மரத்துக்கு நேர் கீழே, புதருக்குள் மஞ்சளாக ஏதோ நகர்ந்தது. "கெக்!" என்றது கருமுகி. உள்ளூர் மான்கள் பறந்துவிட்டன. வந்த மான்களில் சின்னதாக ஒன்று மட்டும் காதை நிமிர்த்திக்கொண்டு மரத்தைப் பார்த்து ஓடிவந்தது.

கருமுகிக்கு ஒன்றும் புரியவில்லை. இன்னும் பலமாகக் கத்தியது. மான் இன்னும் வேகமாக ஓடிவந்தது. தொண்டை கிழியக் கத்தியது. மான் மரத்தடியில் வந்து நின்று, மேலே பார்த்து, வாயைத் திறந்துகொண்டு ஆசையாகக் காத்திருந்தது.

புலி அதிகம் சிரமப்படவில்லை.

மறுநாள் அந்த மரத்தடிக்கு இன்னொரு மான் வந்தது. அதன் பெயர் பூவாயி. கண் இரண்டும் வீங்கியிருந்தன.

"மேல நேத்து நீங்கதானே இருந்தீங்க?" என்று கேட்டது.

"நாந்தான்."

"பழம் இருக்குன்னு சொல்லி எந்தங்கச்சிய எதுக்குக் கூப்பிட்டீங்க?"

கருமுகி கிளை கிளையாக இறங்கித் தரைக்கு வந்தது. "பழமா? புலி வருதுன்னுல்ல கத்துனேன்!"

"எங்க ஊர்ல 'கெக்'னா, பழம் உதுத்துப் போட்டிருக்கேன், வந்து தின்னுங்கன்னு அர்த்தம்."

"அப்பப் புலி வந்தா என்ன சொல்லுவீங்க?"

"ஊப்."

மேல்கரையில் 'ஊப்' என்றால் 'சௌக்கியமா' என்று அர்த்தம். எத்தனையோ நாள் அக்கரையிலிருந்து "ஊப், ஊப்" என்று குரல் வந்திருக்கிறது. 'என்ன பாசமான ஜனங்கள்' என்று நினைத்து, கருமுகியும் பதிலுக்கு "ஊப்" என்று சொல்லியிருக்கிறது. யார் யாருடைய சாவுக்கு நடுவில் நலம் விசாரித்தோமோ என்று நினைக்கையில் அதற்கு உட்கார முடியவில்லை.

பிறகு கருமுகிதான் சொன்னது. "இப்ப எனக்கு உங்க சத்தம் தெரிஞ்சுபோச்சு. உனக்கு எங்க சத்தம் தெரிஞ்சுபோச்சு. நீ போய் உங்க ஊர்ல சொல்லு. நான் எங்க ஊர்ல சொல்றேன்."

"அவ்வளவுதானாக்கா?"

"வேறென்ன இருக்கு?"

கதை இங்கேயே முடிந்திருக்க வேண்டும். ஆனால் பக்கத்துப் புற்றுக்குப் பின்னால் முள்ளம்பன்றி நின்றுகொண்டிருந்தது. அது மேல்கரைக் காட்டின் தகவல் தொடர்புத் துறை இயக்குநர். எழுதுகோலுக்கு அதற்குப் பஞ்சமே கிடையாது, உடம்பெல்லாம் எழுதுகோல்.

"எல்லை தாண்டிச் சத்தம் பரிமாறிக்கறீங்களே, அனுமதி வாங்கியாச்சா?" என்றது.

"இதுக்கு என்ன சார் அனுமதி? ஒரு உயிர் போயிருக்கு."

"உயிர் போனது வேற துறை. சத்தம் எங்க துறை. பதினாலாம் நம்பர் படிவம் பூர்த்தி பண்ணிக் கொண்டாங்க."

மறுநாள் விடியற்காலையிலேயே கருமுகி முள்ளம்பன்றியின் வளை முன்னால் வரிசையில் நின்றது. அதற்கு முன்னால் ஒரு தவளை, மழைக்காலத்தில் கத்துவதற்கான உரிமத்தைப் புதுப்பிக்க வந்து, மூன்று கோடைகளாக நின்றுகொண்டிருந்தது. உச்சிவெயிலுக்குத்தான் படிவம் கைக்கு வந்தது. சத்தத்தின் பெயர், சத்தத்தின் நீளம், சத்தம் போடுபவரின் தகப்பனார் பெயர் என்று வரிசையாகக் கேட்டிருந்தது. கடைசிக் கேள்வி: 'இச்சத்தம் இதற்கு முன் வெளிநாட்டவர் எவர் காதிலாவது விழுந்ததுண்டா? ஆம் எனில், விளைவு?'

கருமுகி அந்தக் கட்டத்தில் 'ஒரு மான்' என்று எழுதியது. எழுதிவிட்டு நெடுநேரம் அதையே பார்த்துக்கொண்டிருந்தது.

முள்ளம்பன்றி படிவத்தை மேலும் கீழும் புரட்டியது. "இது ரெண்டு நாட்டு விவகாரம்மா. என் மட்டத்துல முடியாது. ஒன்றியத்துக்குத்தான் போகணும்."

ஒன்றியம் என்றால் இருகரைச் சத்த ஒன்றியம். ஆற்றின் நடுவில், எந்த நாட்டுக்கும் சொந்தமில்லாத ஒரு மணல்திட்டில், பெரிய நீர்மருத மரத்தடியில் அது கூடும். அதன் செயலாளர் ஓர் உடும்பு. ஒரு விஷயத்தைப் பிடித்தால் விடாது. விட்டால்தானே அது முடியும்? அதனால் அங்கே எதுவும் முடிந்ததில்லை.

ஒன்றியம் சிறப்பு மாநாடு கூட்டியது. மேல்கரைக் குழுவில் முள்ளம்பன்றியோடு கருமுகியும் போனது. கீழ்கரைக்காரர்கள் பூவாயியைத் தங்கள் குழுவில் சேர்த்திருந்தார்கள். 'பாதிக்கப்பட்ட குடும்பத்திலிருந்து ஒருவர் இருந்தால் பார்ப்பதற்கு நன்றாக இருக்கும்' என்று அவர்கள் தலைமையிடத்தில் யாரோ சொன்னார்களாம்.

முதல் நாள் எல்லோருக்கும் காதில் கவிழ்த்துக்கொள்ள ஆளுக்கொரு சுரைக்குடுக்கை கொடுத்தார்கள். ஒரு மைனா மொழிபெயர்த்தது. மேல்கரைக்காரர் "வணக்கம்" என்றால், மைனா கீழ்கரைக்காரர் காதில் "வணக்கம்" என்றது.

"ரெண்டு பேருக்கும் ஒரே பாஷைதானே சார்?" என்று கருமுகி கிசுகிசுத்தது.

"இறையாண்மைன்னு ஒண்ணு இருக்கும்மா" என்றது முள்ளம்பன்றி.

அப்போதுதான் பூவாயி ஒரே பக்கம் பார்த்துக்கொண்டு பின்வாங்குவதைக் கருமுகி பார்த்தது. அது பார்த்த திசையில் இதுவும் பார்த்தது. முன்வரிசையில், நிழல் விழுகிற நல்ல பாறையில், புலி உட்கார்ந்திருந்தது. எதிரே ஒரு பலகை: 'தொழில்துறைப் பார்வையாளர்'.

கருமுகி துள்ளி எழுந்தது. "இவரு எப்படிங்க இங்க?"

உடும்பு பொறுமையாக விளக்கியது. "இரண்டு கரையிலும் தொழில் நடத்துபவர் புலியார் ஒருவர்தான். எல்லை தாண்டிய அனுபவம் அவருக்கு இருக்கிற மாதிரி வேறு யாருக்கு இருக்கிறது? அவரைக் கேட்காமல் ஒப்பந்தம் போட்டால் அது ஒருதலைப்பட்சம். தவிர, மாநாடு முடியும்வரை யாரையும் தொட மாட்டேன் என்று எழுதிக் கொடுத்திருக்கிறார்."

புலி எல்லோரையும் பார்த்துத் தலையசைத்தது. மிகவும் மரியாதையான புலி.

கருமுகி தன் யோசனையைச் சொன்னது. "ஐயா, 'கெக்'னாலும் புலி, 'ஊப்'னாலும் புலி. எதக் கேட்டாலும் ஓடுங்கன்னு ரெண்டு கரையிலயும் சொல்லிட்டாப் போதும்ங்க. அரை நாள் வேலை."

பிறகு உடும்பு சொன்னது. "மிக அருமையான யோசனை. இதைப் பின்னிணைப்பில் சேர்க்கிறோம்."

பின்னிணைப்பை எந்த நாட்டிலும் இதுவரை யாரும் படித்ததில்லை.

அதன் பிறகு விவாதம் சூடுபிடித்தது. "'கெக்'கைப் புலிக்குக் கொடுத்துவிட்டால் பழத்துக்கு நாங்கள் என்ன செய்வது? பழம் எங்கள் பண்பாடு" என்றது கீழ்கரைப் பன்றி. "'ஊப்' எங்கள் முன்னோர் நலம் விசாரித்த சத்தம். அதில் புலியை நுழைய விட மாட்டோம்" என்றது மேல்கரை முயல். இரண்டும் தத்தம் காட்டில் இதுவரை ஒரு சத்தத்தைப் பற்றியும் கவலைப்பட்டதில்லை. குடுக்கையைக் காதில் கவிழ்த்த பிறகுதான் அவற்றுக்கு நாட்டுப்பற்று வந்தது.

ஒப்பந்தத்தைத் தேக்கிலையில் எழுதினார்கள். யாருக்காவது ஒரு சொல் பிடிக்கவில்லை என்றால், அந்தச் சொல்லின் மேல் ஒரு கூழாங்கல்லை வைக்கலாம். பேசித் தீர்த்த பிறகு கல்லை எடுப்பார்கள். 'கத்த வேண்டும்' என்பதில் 'வேண்டும்' மேல் ஒரு கல் விழுந்தது. 'கத்தலாம்' என்று மாற்றினார்கள். அதன் மேலும் விழுந்தது. 'கத்துவது குறித்துப் பரிசீலிக்கலாம்' என்று மாற்றியபோது எல்லோரும் கைதட்டினார்கள். நான்காம் நாள் தேக்கிலை கண்ணுக்குத் தெரியவில்லை, கல்தான் தெரிந்தது.

புலி அதிகம் பேசவில்லை. ஒரே ஒரு முறை கையை உயர்த்தியது.

"எனக்குத் தனிப்பட்ட முறையில் ஒன்றும் இல்லை. ஆனால் ஒப்பந்தம் முழுக்கப் 'புலி' 'புலி' என்றே வருகிறது. ஓர் இனத்தை மட்டும் குறிவைப்பது போல இருக்கிறது. சிறுத்தை இல்லையா? செந்நாய் இல்லையா? முதலை, பாவம், அதற்கு யாருமே கத்துவதில்லை."

சபை வெட்கப்பட்டது. 'புலி' என்ற சொல்லை எடுத்துவிட்டு 'வரிகள் கொண்ட பங்குதாரர்' என்று போட்டார்கள்.

பதினோராம் நாள் பொதுச் சத்தம் தயாரானது. அதை ஓர் அணில் எழுந்து நின்று படித்துக் காட்டியது.

"கவனிக்கவும், கவனிக்கவும். அழைப்பது மேல்கரைக் காடு, நீர்மருத வட்டம், மூன்றாம் கிளை. வரிகள் கொண்ட பங்குதாரர் ஒருவர், தங்களுக்குத் தென்கிழக்கே, பதுங்கும் நிலையில் அல்லது பாயும் நிலையில், பொருந்தாததை நீக்கிக்கொள்ளவும், காணப்படுகிறார். தங்கள் வசதிப்படி விலகலாம். நன்றி, முற்றும்."

"நான் கொஞ்சம் சோதித்துப் பார்க்கலாமா?" என்று புலி கேட்டது. அணில் மறுபடி படிக்க, புலி மணல்திட்டின் இந்த முனையிலிருந்து அந்த முனைவரை பாய்ந்து போய்த் திரும்பி வந்து, தண்ணீர் குடித்து, உட்கார்ந்து, முன்னங்காலை நக்கியது. அணில் 'தென்கிழக்கே' என்பதில் இருந்தது.

"தரமான சத்தம். என் முழு ஆதரவு உண்டு" என்றது புலி.

ஒப்பந்தத்தில் கடைசியாக ஒரு வரி சேர்த்தார்கள். புதிய சத்தம், இரண்டு காட்டுச் சபைகளும் ஏற்ற பிறகு அமலுக்கு வரும். பழைய சத்தங்கள் இன்று முதல் ரத்து.

"நடுவுல புலி வந்தா?" என்று கேட்டது பூவாயி. மாநாட்டில் அது பேசியது அந்த ஒரு தடவைதான்.

"அது இடைக்காலம்" என்றது உடும்பு.

கையெழுத்துப் போட்டதும் நினைவுப் படம் எடுக்க வேண்டும் அல்லவா? மணல்திட்டின் ஓரத்தில் தெளிந்த நீர்க்குட்டை ஒன்று இருந்தது. எல்லோரும் அதைச் சுற்றி நின்று, தங்கள் உருவத்தைத் தண்ணீரில் பார்த்துப் புன்னகைக்க வேண்டும். அதுதான் படம். குள்ளமானவர்கள் முன்வரிசை, நெட்டையானவர்கள் பின்வரிசை என்று உடும்பு நிறுத்தியது. பூவாயி முன்னால். புலி அதற்கு நேர் பின்னால்.

மாநாடு கையெழுத்தோடு முடிந்துவிட்டது என்பதைப் புலி மட்டும்தான் கவனித்திருந்தது.

கருமுகி தண்ணீரில் தன் முகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தது. பக்கத்தில் பூவாயியின் முகம். அதற்குப் பின்னால், புலியின் தோள்கள் மெல்லத் தாழ்வது தண்ணீரில் தெரிந்தது. பின்னங்கால்கள் மணலில் ஊன்றுவது தெரிந்தது. யோசிக்க நேரமில்லை. கருமுகி தன் பிறவிச் சத்தத்தை விட்டுவிட்டு, பூவாயியின் சத்தத்தில் அலறியது.

"ஊப்!"

"ஊப், ஊப், சௌக்கியம், நீங்க சௌக்கியமா?" என்றன மேல்கரை உறுப்பினர்கள் எல்லாம் ஒரே குரலில்.

ரத்தான சத்தத்துக்கு ஓடலாமா என்று கீழ்கரை உறுப்பினர்கள் யோசித்துக்கொண்டிருந்தார்கள். பூவாயி மட்டும் குட்டையைத் தாண்டி எதிர்ப்பக்க மணலில் போய் நின்றது. அதன் முதுகு இருந்த இடத்தை நோக்கிப் பாய்ந்த புலி, தலைகீழாகத் தண்ணீரில் விழுந்தது.

தண்ணீரிலிருந்து எழும்போதே புலி கையை உயர்த்திக்கொண்டு எழுந்தது. மீசையிலிருந்து நீர் சொட்டியது.

"செயலாளரே, ஒழுங்குப் பிரச்சினை! நான் கால் வழுக்கி விழுந்தேன். அது என் தலைவிதி. ஆனால் இந்த அம்மாள், ரத்து செய்யப்பட்ட சத்தத்தை, அதுவும் வேறொரு நாட்டின் அலைவரிசையில், உரிமம் இல்லாமல், பொது இடத்தில் போட்டிருக்கிறார். மை காயுமுன்பே ஒப்பந்தத்தை மீறினால் நாளைக்கு உலகம் நம்மை மதிக்குமா?"

சபையில் சலசலப்பு. எல்லோருக்கும் நடந்தது தெரியும். எல்லோரும் தண்ணீரைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்கள். ஆனாலும் புலி சொன்னதில் ஒரு சட்ட நியாயம் இருந்தது. வாக்கெடுப்பு நடந்தது. கருமுகி தன் வழக்கில் தானே வாக்களிக்க முடியாது. முள்ளம்பன்றி நல்லுறவை முன்னிட்டு நடுநிலை வகித்தது. தண்டனைக்கு ஆதரவாக நான்கு, எதிராக நான்கு. பூவாயி ஒன்றுதான் பாக்கி.

கருமுகிக்குக் கவலையே இல்லை. மணலில் காலை நீட்டி உட்கார்ந்துவிட்டது.

கீழ்கரையிலிருந்து ஒரு மைனா பறந்து வந்து பூவாயியின் காதில் ஏதோ சொல்லிவிட்டுப் போனது. பூவாயி தலையைக் குனிந்துகொண்டது. பிறகு மெதுவாக, மிக மெதுவாக, முன்னங்காலைத் தூக்கியது. தண்டனைக்கு ஆதரவாக.

முதல் மழை பெய்யும்வரை கருமுகி வாயைத் திறக்கக் கூடாது என்று தீர்ப்பானது.

இரண்டு நாள் கழித்துப் பூவாயி வந்து மரத்தடியில் நின்றது. கருமுகி மேலே உட்கார்ந்திருந்தது.

"அக்கா, எம்மேல கோவமா?"

பதில் இல்லை.

"பேச மாட்டீங்களா? ஓ, பேசக் கூடாதுல்ல." பூவாயி தரையைக் காலால் கீறியது. "மேலிடத்து உத்தரவுக்கா. அடுத்த மாநாட்ட எங்க கரையில நடத்தப் புலி ஒத்துக்கிட்டாராம். அவருக்கு எதிராக் கால் தூக்கக் கூடாதுன்னு சொல்லி அனுப்பிட்டாங்க. எனக்கு நெஞ்சு அடிச்சுது. அப்பறம் நெனச்சேன், உசிரோட இருந்தாத்தானே கால் தூக்க முடியும், அந்த உசிரே அக்கா குடுத்ததுதானேன்னு. அந்தத் தைரியத்துலதான் தூக்குனேன்."

கருமுகிக்குக் கோபம் உச்சிக்கு ஏறியது. ஒரு காயைப் பறித்துக் கீழே எறிந்தது. அது பூவாயியின் காலடியில் விழுந்தது. பூவாயி கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு அதைத் தின்றது. "நல்லா இருக்குக்கா" என்றது. கருமுகிக்குச் சிரிப்பு வந்துவிட்டது. கரிய முகம் என்பதால் கீழிருந்து அது தெரியவில்லை.

பழைய சத்தமும் இல்லை, புதிய சத்தமும் இல்லை. காடு இரண்டும் ஊமையாகக் கிடந்தன. புலிக்கு அதுவரை இல்லாத நல்ல காலம் வந்திருக்க வேண்டும்.

ஒரு காலை, பூவாயியும் அதன் கூட்டமும் எதிர்க்கரையில் மிஞ்சிய காய்ந்த புல்லை மேய்ந்துகொண்டிருந்தன. புலி அவற்றின் பின்னால் மேட்டில் ஏறி வருவதை இக்கரை மரத்திலிருந்து கருமுகி பார்த்தது. வாயைத் திறந்தது. மூடியது. மறுபடி திறந்தது. பக்கத்துக் கிளையில் ஒன்றியத்தின் கண்காணிப்பு மைனா இலையும் முள்ளுமாகத் தயாராக இருந்தது. கருமுகி பல்லைக் கடித்துக்கொண்டு, இரண்டு கையாலும் வாயைப் பொத்திக்கொண்டது. அடக்கிய பயமெல்லாம் முதுகெலும்பு வழியாகக் கீழே இறங்கியது. அதன் நீண்ட வால், தானாகவே, கொடிக்கம்பம் போல விறைத்து நின்றது.

எதிர்க்கரையில் பூவாயி தற்செயலாகத் தலை தூக்கியது. மரத்தைப் பார்த்தது, வாலைப் பார்த்தது. அடுத்த நொடி கூட்டத்தோடு ஓடியது. புலி வெறும் புல்லில் வந்து இறங்கியது.

மைனா நெடுநேரம் யோசித்துவிட்டு, 'சத்தம் ஏதுமில்லை' என்று எழுதிக்கொண்டது.

அன்றிலிருந்து இரண்டு கரை மான்களும் மேய்ந்துகொண்டே ஒரு கண்ணை அந்த மரத்தின் மேல் வைத்திருந்தன. யாரும் யாருக்கும் சொல்லிக் கொடுக்கவில்லை. வால் நின்றால் ஓட வேண்டும், அவ்வளவுதான். சில நாளில் மற்ற மந்திகளின் வாலும் நிற்கத் தொடங்கியது. அக்கரை மந்திகளின் வாலும் நின்றது. வாலுக்கு மேல்கரை கீழ்கரை என்ற பேதம் இல்லை. குடுக்கை மாட்டிக்கொண்டு பார்க்க வேண்டிய அவசியமும் இல்லை.

அதன் பிறகு கோடை முடியும்வரை ஒரு மான்கூடச் சாகவில்லை. ஒன்றியம் ஆண்டறிக்கை வெளியிட்டது. 'நமது ஒப்பந்தம் அமலுக்கு வருவதற்கு முன்பே பலன் தரத் தொடங்கிவிட்டது' என்று எழுதி, உடும்பு தனக்கே ஒரு மாலை போட்டுக்கொண்டது.

புலிக்கு மட்டும் விஷயம் புரிந்தது. விலா எலும்பு தெரிய அது ஒன்றியத்துக்கு வந்து மனு கொடுத்தது. ஆறு வாரத்தில் தன் வயிற்றுக்குள் போனது ஒரு தவளையும் இரண்டு நண்டும் என்றும், எல்லை தாண்டிய இரகசிய வால் தொடர்பு ஒன்று நடக்கிறது என்றும், அதை முறைப்படுத்த வேண்டும் என்றும் கேட்டது.

முதல் மழை பெய்த மறுநாள் விசாரணை. மணல்திட்டில் எல்லோரும் கூடினார்கள். கருமுகியை நடுவில் நிறுத்தினார்கள். தண்டனை முடிந்துவிட்டதால் அது பேசலாம்.

உடும்பு மிகவும் அன்பாகத்தான் கேட்டது. "பயப்படாதே அம்மா. இது குற்ற விசாரணை இல்லை. வாலால் நீ செய்தி அனுப்புவது உண்மையானால், அது இந்த நூற்றாண்டின் மகத்தான கண்டுபிடிப்பு. அதை நாங்கள் அங்கீகரிப்போம். வால் தொடர்புச் செயற்குழு என்று ஒன்று அமைப்போம். நீதான் கௌரவத் தலைவி. முன்வரிசையில், புலியாருக்குப் பக்கத்திலேயே உனக்கு ஒரு பாறை. வாலை எவ்வளவு உயரம் தூக்க வேண்டும், எந்தப் பக்கம் சாய்க்க வேண்டும் என்பதையெல்லாம் எல்லோருமாகச் சேர்ந்து முடிவு செய்யலாம்."

கருமுகிக்கு ஆசையாகத்தான் இருந்தது. ஏழு வருடமாக மரத்து உச்சியில் உட்கார்ந்து கத்தியிருக்கிறது. ஒருவரும் பெயர் சொல்லி ஒரு நன்றி சொன்னதில்லை. தலைவி என்று கூப்பிட்டால் யாருக்குத்தான் இனிக்காது? உண்மையைச் சொல்ல வாயைத் திறந்தது. அப்போது உடும்பின் பக்கத்தில், புதிய தேக்கிலை ஒன்று விரித்து வைத்திருப்பதைப் பார்த்தது. அதைச் சுற்றி ஆளுக்கொரு கூழாங்கல்லோடு உறுப்பினர்கள் தயாராக உட்கார்ந்திருந்தார்கள். கடைசி வரிசையில் பூவாயி. மூச்சே விடாமல் நின்றது.

"சொல்லம்மா. வால் ஏன் நின்றது?"

"ஈ கடிச்சுதுங்க" என்றது கருமுகி.

சபை ஸ்தம்பித்தது. புலி உறுமியது. "கோடை முழுவதுமா?"

"இந்த வருசம் ஈ ரொம்ப ஜாஸ்திங்க."

"ஒவ்வொரு தடவையும் நான் வரும்போது மட்டும் எப்படி ஈ கடிக்கும்?"

"அத நீங்க ஈயைத்தாங்க கேக்கணும். உங்கமேல மொய்ச்சுக்கிட்டு வர்றதுதானோ என்னவோ."

உடும்பு பூவாயி பக்கம் திரும்பியது. "வால் நின்றபோதெல்லாம் நீ ஓடியிருக்கிறாய். ஏன்?"

பூவாயி கருமுகியைப் பார்த்தது. பிறகு நிமிர்ந்து நின்று, அத்தனை பேர் முன்னாலும் தெளிவாகச் சொன்னது. "எனக்கும் ஈங்க."

உடும்பு பெருமூச்சு விட்டது. வால் தொடர்பாக விசாரிக்க ஏதும் இல்லை என்று தீர்மானம் நிறைவேறியது. ஆனால் விரித்த இலையை வீணாக்கக் கூடாது என்பதால், எல்லை தாண்டிய ஈக்கள் குறித்து ஓர் ஆய்வுக் குழு அமைத்தார்கள். அனுபவம் கருதி, தலைவர் பதவியைப் புலிக்கே கொடுத்தார்கள்.

கூட்டம் கலைந்ததும் கருமுகியும் பூவாயியும் கரைக்கு வந்தன. கருமுகி தன் மரத்தில் ஏறியது. பூவாயி கீழே புது மழையில் நனைந்திருந்த புல்லைக் கடித்தது.

"அக்கா, நெஞ்சறிஞ்சு பொய் சொல்லிட்டோமே. பாவம் இல்லையா?"

"பொய்யின்னு ஏன் நெனக்கிற?" கருமுகி கிளையில் சாய்ந்து கண்ணைப் பாதி மூடிக்கொண்டு சொன்னது. "மழ பேஞ்சா ஈ வரத்தான் போகுது. வந்தாக் கடிக்கத்தான் போகுது. நாம கொஞ்சம் முன்கூட்டியே சொல்லிட்டோம், அவ்வளவுதான். இன்னொண்ணு, நீ அன்னைக்குக் கால் தூக்குன பாரு, அதப் பத்தி உங்கிட்ட ஒண்ணு கேக்கணும்னே இருந்தேன். உனக்கு..."

கீழே குனிந்து பார்த்தது. பூவாயி அங்கே இல்லை. கடித்த புல் பாதியில் கிடந்தது.

கருமுகி திடுக்கிட்டுத் திரும்பியது. தன் வால் நெட்டுக்குத்தாக நிற்பதைப் பார்த்தது. பிறகுதான் நாணலைப் பார்த்தது. ஈ ஆய்வுக் குழுத் தலைவர், கையில் தேக்கிலையோடு, காலி வயிறோடு, அந்த வழியாகத் திரும்பிப் போய்க்கொண்டிருந்தார்.

நீதி: எப்போதும் உண்மையே பேச வேண்டும். நன்றாக நடக்கிற ஒரு காரியத்தைப் பற்றிக் குழு போட்டு விசாரித்தால் மட்டும், ஈ கடித்தது என்று சொல்லிவிட வேண்டும்.